துத்தநாகம் கூடியது, செம்பு குறைந்தது: அப்பாவின் கண் மாத்திரை தந்த பாடம்

வயதாவதால் வரும் மாகுலா சிதைவு என்று கண் மருத்துவர் சொல்லும்போது, பல நேரம் அதே சீட்டில் ஒரு மாத்திரையின் பெயரும் ஏறிவிடும். "கண்ணுக்கு விட்டமின்" என்று சொல்லித்தான் அதைக் கொடுப்பார்கள். என் அப்பாவுக்கும் அப்படித்தான் கிடைத்தது. அந்த மாத்திரையில் விட்டமின்களுக்குச் சமமான இடம் உலோகங்களுக்கும் உண்டு, குறிப்பாகத் துத்தநாகத்துக்கு. நாம் ஜிங்க் என்று சொல்கிறோமே, அதுதான். அதன் கணக்கு தவறிப்போய் அப்பாவின் ரத்தம் கெட்டு, காரணம் தெரியாமல் அலைந்து, கடைசியில் பதில் கண் மாத்திரையின் லேபிளில் இருந்ததைக் கண்டுபிடித்தோம். இதே நோயோடு இருப்பவர்களுக்கும் அவர்களைக் கவனித்துக்கொள்கிறவர்களுக்கும் உதவும் என்று எழுதுகிறேன்.

அப்பாவுக்கு எழுபது தாண்டிவிட்டது. படிக்கும்போது வரியின் நடுவில் ஓரிரு எழுத்துகள் மங்குவதாகச் சொன்னார். வெளிச்சத்திலிருந்து இருட்டான அறைக்குள் வந்தால் கண் பழகுவதற்கு முன்னைவிட ரொம்ப நேரம் ஆகிறது என்றார். கண்ணாடி மாற்றினால் சரியாகும் என்று நினைத்துத்தான் போனோம். விழித்திரையின் அடுக்குகளைப் படமாகக் காட்டும் ஓசிடி ஸ்கேன் எடுத்துப் பார்த்துவிட்டு, இரண்டு கண்ணிலும் விழித்திரைக்கு அடியில் ட்ரூசன் படிவுகள் இருக்கின்றன, இது இடைநிலை என்றார் மருத்துவர்.

இந்த "நிலை" என்ற விவரம் மிக முக்கியம். சீட்டில் நோயின் பெயர் மட்டும் இருந்தால், எந்த நிலை என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். விழித்திரையின் நடுவே சுமார் 5.5 மில்லிமீட்டர் அகலமுள்ள பகுதிதான் மாகுலா. படிப்பது, முகம் பார்த்து அடையாளம் காண்பது எல்லாம் அதன் வேலை. அதற்கு அடியில் நிறமி செல்களால் ஆன ஒரு மெல்லிய அடுக்கு இருக்கிறது. ஒளியை உணரும் செல்கள் தினமும் உதிர்க்கும் நுனிகளை விழுங்கிச் செரிப்பது இந்த அடுக்கு. அதற்கும் கீழே புரூக் சவ்வு, அதற்குக் கீழே ரத்தக் குழாய்கள். நிறமி அடுக்குக்கும் புரூக் சவ்வுக்கும் இடையே கொழுப்பும் புரதமும் தேங்கி உண்டாகும் படிவுதான் ட்ரூசன். சிறியதாகவோ நடுத்தரமாகவோ இருந்தால் ஆரம்ப நிலை. 125 மைக்ரானுக்கு மேல் பெரிதாக இருந்தாலோ, நிறமி மாற்றம் தெரிந்தாலோ இடைநிலை. அதற்கப்புறம் முற்றிய நிலை. அதில் இரண்டு வகை. செல்கள் திட்டுத் திட்டாக அழிந்துபோவது உலர் வகை. புது ரத்தக் குழாய்கள் முளைத்து நீரும் ரத்தமும் கசிவது ஈர வகை.

மாத்திரை யாருக்கு என்பது இந்த நிலையை வைத்துத்தான். அமெரிக்காவின் தேசியக் கண் நிறுவனம் நடத்திய ஏரெட்ஸ் என்ற ஆய்வின் முடிவு 2001இல் வந்தது. 55 முதல் 80 வயதுக்குள் இருந்த 3,640 பேர் அதில் இருந்தார்கள். இடைநிலை நோய் இருந்தவர்களிலும், ஒரு கண்ணில் மட்டும் முற்றிய நோய் இருந்தவர்களிலும் வெற்று மாத்திரை சாப்பிட்டவர்களுக்கு ஐந்தாண்டுகளில் 28 சதவீதம் பேருக்கு நோய் முற்றியது. முழுக் கலவையையும் சாப்பிட்டவர்களில் 20 சதவீதம் பேருக்குத்தான் முற்றியது. அதாவது வாய்ப்பு சுமார் கால்வாசி குறைந்தது. நோயே இல்லாதவர்களுக்கும் ஆரம்ப நிலையில் இருந்தவர்களுக்கும் அதனால் பலன் தெரியவில்லை. இழந்த பார்வையையும் அது திருப்பித் தராது.

அந்தக் கலவையில் இருந்தவை: விட்டமின் சி 500 மில்லிகிராம், விட்டமின் இ 400 அலகு, பீட்டா கரோட்டின் 15 மில்லிகிராம், துத்தநாக ஆக்சைடாக 80 மில்லிகிராம் துத்தநாகம், செம்பு ஆக்சைடாக 2 மில்லிகிராம் செம்பு. கடைசியில் இருக்கும் அந்த 2 மில்லிகிராம் செம்பைக் கவனியுங்கள். செம்பு கண்ணுக்கு நல்லது என்று யாரும் அதைச் சேர்க்கவில்லை. அவ்வளவு துத்தநாகம் உள்ளே போனால் உடம்பில் செம்பு குறைந்துவிடும் என்று முன்கூட்டியே தெரிந்துதான் சேர்த்தார்கள். அப்பாவுக்கு வாங்கிய மாத்திரையில் துத்தநாகம் 80 இருந்தது. செம்பு இல்லை.

அப்பா அதை ஒழுங்காகச் சாப்பிட்டார். எதையும் விடாமல் செய்கிற மனிதர். அத்துடன், அடிக்கடி சளி பிடிக்கிறது என்று வேறொரு மருத்துவர் எழுதித் தந்த "எதிர்ப்புச் சக்தி" மாத்திரையும் தொடர்ந்தது. அது துத்தநாக சல்பேட் 220 மில்லிகிராம். ஏறக்குறைய ஒரு வருடம் எந்தக் குறையும் தெரியவில்லை. அப்புறம் மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்க ஆரம்பித்தது. முகம் வெளுத்தது. ரத்தப் பரிசோதனையில் ஹீமோகுளோபின் நன்றாகக் குறைந்திருந்தது. வயதானவர், ரத்தசோகை என்றதும் இரும்பு மாத்திரை கொடுத்தார்கள். அதைச் சாப்பிட்டும் ஏறவில்லை. அளவைக் கூட்டினார்கள். வயிறு கெட்டதுதான் மிச்சம். இதற்கிடையே பாதங்கள் மரத்துப்போகின்றன, நடந்தால் தரை எங்கே இருக்கிறது என்று சரியாகத் தெரியவில்லை என்று சொல்ல ஆரம்பித்தார். பார்வைக் குறைவோடு அதுவும் சேர்ந்ததால் கீழே விழுந்துவிடுவாரோ என்ற பயம் எங்களுக்கு.

அடுத்த பரிசோதனையில் வெள்ளையணுக்களும் குறைந்திருந்தன. எலும்பு மஜ்ஜையில் ஏதாவது கோளாறாக இருக்கலாம் என்ற பேச்சு வந்ததும் வீட்டில் எல்லாருக்கும் தூக்கம் போயிற்று. ரத்தவியல் மருத்துவரிடம் அனுப்பினார்கள். அவர் மஜ்ஜையைப் பற்றி எதுவும் பேசுவதற்கு முன்னால் ஒன்று சொன்னார்: "அப்பா சாப்பிடுற எல்லாத்தையும் ஒரு பையில போட்டுக் கொண்டுவாங்கம்மா. சத்து மாத்திரை, பவுடர், எதையும் விடாதீங்க." அப்பாவுக்கு ஆச்சரியம். "அதெல்லாம் சத்து மாத்திரைதானேம்மா, அதைப் போய் எதுக்குப் பார்க்கணும்?" என்று என்னிடம் கேட்டார்.

அந்த மருத்துவர் ஒவ்வொரு டப்பாவாக எடுத்து லேபிளைப் படித்தார். பல்செட் ஒட்டுவதற்குப் பசை ஏதாவது போடுகிறாரா என்றும் கேட்டார். அப்பா போடுவதில்லை. சில பசைகளில் துத்தநாகம் உண்டு, அளவுக்கு மீறிப் போட்டு நரம்பு கெட்டவர்கள் இருக்கிறார்கள் என்று விளக்கினார். பிறகு ஒரு தாளில் கூட்டிக் காட்டினார். கண் மாத்திரையில் 80. துத்தநாக சல்பேட் 220 மில்லிகிராமில் உண்மையான துத்தநாகம் 50. மொத்தம் நாளுக்கு 130 மில்லிகிராம். வயது வந்த ஆணுக்குத் தினமும் தேவைப்படுவது 11, பெண்ணுக்கு 8. மருத்துவக் காரணம் இல்லாமல் தாண்டக் கூடாத உச்ச அளவு 40. ரத்தத்தில் செம்பும், செருலோபிளாஸ்மின் என்ற புரதமும் எடுத்துப் பார்த்தார்கள். இரண்டும் மிகக் குறைவு. துத்தநாகம் அதிகம். இரும்பின் சேமிப்பைக் காட்டும் ஃபெரிட்டின் குறையவே இல்லை.

இது எப்படி நடக்கிறது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் கண்ணின் கதையும் இதே கதைதான். துத்தநாகம் நிறைய உள்ளே போனால் குடலின் உள்ளடுக்கு செல்கள் மெட்டலோதயோனின் என்ற புரதத்தை அதிகமாகச் செய்யும். அந்தப் புரதத்துக்குத் துத்தநாகத்தைவிடச் செம்பின் மேல் பிடிப்பு அதிகம். சாப்பாட்டில் வரும் செம்பை அது பிடித்து வைத்துக்கொள்ளும். அந்த செல்கள் சில நாளில் உதிர்ந்து மலத்தோடு போகும்போது செம்பும் போய்விடும். வில்சன் நோயில் உடம்பில் செம்பு தேங்கிக் கெடுக்கிறது. அந்த நோயாளிகளுக்குத் துத்தநாகத்தையே மருந்தாகக் கொடுப்பது இந்த வழியை நம்பித்தான். செம்பு தேங்கியவருக்கு மருந்தாக இருப்பது, தேங்காதவருக்குப் பற்றாக்குறையை உண்டாக்குகிறது.

செம்பு குறைந்தால் ரத்தம் ஏன் குறைய வேண்டும்? செருலோபிளாஸ்மின் செம்பைத் தாங்கிய புரதம். செல்லிலிருந்து வெளியே வரும் இரும்பை, ரத்தத்தில் அதைச் சுமந்து செல்லும் டிரான்ஸ்ஃபெரின் பிடித்துக்கொள்ளக்கூடிய வடிவத்துக்கு மாற்றுவது அதன் வேலை. செம்பு இல்லையென்றால் அந்த வேலை நின்றுபோகும். இரும்பு உடம்பில் இருந்தும் போகவேண்டிய இடத்துக்குப் போகாமல் கிடக்கும். இப்படிப்பட்டவருக்கு மேலும் மேலும் இரும்பு மாத்திரை கொடுத்து என்ன பயன்?

இதைக் கேட்டுவிட்டுக் கண்ணைப் பற்றித் தேடிப் படிக்க ஆரம்பித்தேன். அங்கேயும் இதே மூன்று உலோகங்கள் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நிற்பதைப் பார்த்தபோது எனக்கு உண்மையிலேயே வியப்பாக இருந்தது. உடம்பிலேயே துத்தநாகம் அடர்த்தியாக இருக்கும் இடங்களில் கண்ணின் நிறமி அடுக்கும் அதன் அடியிலிருக்கும் ரத்தக் குழாய்ப் படலமும் சேர்த்தி. ஆக்சிஜனால் உண்டாகும் கேடான மூலக்கூறுகளை அடக்கும் ஒரு முக்கிய நொதி செம்பும் துத்தநாகமும் சேர்ந்தால்தான் இயங்கும். இரும்பு இல்லாமல் பார்வையே இல்லை. ஒளி பட்டு உருமாறிய விட்டமின் ஏ-யை மறுபடி பார்வைக்கு உதவும் வடிவத்துக்குக் கொண்டுவரும் ஆர்பிஇ65 என்ற நொதிக்கு இரும்பு வேண்டும்.

அதே இரும்பு கட்டுப்பாடின்றித் தனியாகத் திரிந்தால் வேறு கதை. ஹைட்ரஜன் பெராக்சைடோடு வினைபுரிந்து மிகக் கொடிய ஹைட்ராக்சில் மூலக்கூறை உண்டாக்கும். ஃபென்டன் வினை என்பார்கள். விழித்திரையில் ஆக்சிஜன் செலவு அதிகம், வெளிச்சம் ஓயாமல் விழுகிறது, செல் சவ்வுகளில் எளிதில் கெட்டுப்போகும் கொழுப்பு நிறைய. இந்த வினைக்கு இதைவிட வசதியான இடம் உடம்பில் அதிகம் இல்லை. மாகுலா சிதைவு இருந்தவர்களின் தானக் கண்களில் இரும்பு கூடுதலாக இருப்பதைப் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்து ஆய்வாளர்கள் 2003இல் காட்டினார்கள். மரபுக் குறைபாட்டால் செருலோபிளாஸ்மினே இல்லாமல் பிறப்பவர்களும் இருக்கிறார்கள். அவர்களுக்கு நடுவயதிலேயே விழித்திரை சிதைகிறது, இரும்பு அங்கே தேங்குகிறது. அப்பாவின் ரத்த அறிக்கையில் செருலோபிளாஸ்மின் குறைந்திருந்ததைப் பார்த்த எனக்கு இதைப் படித்ததும் வயிற்றைக் கலக்கியது. உண்மையில் அந்த மரபுக் கோளாறு வாழ்நாள் முழுக்க நீடிப்பது. அப்பாவுடையது சில மாதப் பற்றாக்குறை. இரண்டையும் ஒன்றாக நினைக்க வேண்டாம் என்று கண் மருத்துவர் பிறகு தெளிவாகச் சொன்னார்.

துத்தநாகத்தின் நிலைமை இன்னும் சிக்கலானது. மாகுலா சிதைவு இருந்த தானக் கண்களில், நிறமி அடுக்கும் ரத்தக் குழாய்ப் படலமும் சேர்ந்த பகுதியில் துத்தநாகமும் செம்பும் ஏறக்குறைய கால்வாசி குறைந்திருந்ததாக 2009இல் ஓர் ஆய்வு வந்தது. அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பே வேறொரு குழு, ட்ரூசன் போன்ற படிவுகளுக்குள் துத்தநாகம் குவிந்து கிடப்பதைக் கண்டிருந்தது. செல்லுக்குள் குறைவு, படிவில் குவிப்பு. நோய் எதிர்ப்பு மண்டலத்தின் சீற்றத்தை அடக்கும் காம்ப்ளிமென்ட் ஃபேக்டர் எச் என்ற புரதத்தையும் துத்தநாகம் ஒன்றோடொன்று திரளவைக்கிறது. இந்த நோயின் மரபு அபாயத்தில் அந்தப் புரதத்தின் மரபணுவுக்குப் பெரிய பங்கு என்று 2005இல் வெளிவந்திருந்தது. ஆகவே "துத்தநாகம் நல்லது, இரும்பு கெட்டது" என்று பிரித்துப் பேசுவதை நான் விட்டுவிட்டேன். எவ்வளவு, எங்கே, எதோடு சேர்ந்து என்பதுதான் கேள்வி.

அப்பாவின் சிகிச்சை எளிமையாகத்தான் இருந்தது. துத்தநாகம் இருந்த எல்லா மாத்திரையும் நிறுத்தம். பலனில்லாத இரும்பு மாத்திரையும் நிறுத்தம். மருத்துவர் சொன்ன அளவில் செம்பு மாத்திரை. சில வாரத்தில் வெள்ளையணு ஏறியது, பிறகு ஹீமோகுளோபினும் மெல்ல ஏறியது. படி ஏறும்போது மூச்சு வாங்குவது நின்றது. பாதத்தின் மரப்பு மட்டும் முழுதாகப் போகவில்லை. செம்புக் குறைவால் கெட்ட நரம்பு பல நேரம் பாதியளவுதான் திரும்பும் என்றார்கள். அதனால்தான் இதைச் சீக்கிரம் கண்டுபிடிக்க வேண்டும் என்று இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன். துத்தநாகம் சாப்பிடும் ஒருவருக்கு ரத்தசோகையும் வெள்ளையணுக் குறைவும் சேர்ந்து வந்தால், அல்லது கால் மரத்துப்போனால், சீரம் செம்பும் செருலோபிளாஸ்மினும் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். மருத்துவருக்குக் கேள்வி பிடிக்காதோ என்று தயங்க வேண்டாம்.

இரும்பைப் பற்றி ஒரு எச்சரிக்கை. இதைப் படித்துவிட்டுப் பயந்து, தேவைக்காகச் சாப்பிடும் இரும்பு மாத்திரையை யாரும் நிறுத்திவிடக் கூடாது. ஃபெரிட்டின் குறைந்து, உண்மையான இரும்புச்சத்துக் குறைவு இருந்தால் அது கட்டாயம் வேண்டும். வயதானவருக்கு அப்படிக் குறைந்தால் எங்கே ரத்தம் போகிறது என்றும் தேடியாக வேண்டும். ஃபெரிட்டின் பார்க்காமல், சோர்வாக இருக்கிறது என்பதற்காகவே இரும்பு எடுத்துக்கொள்வதைத்தான் வேண்டாம் என்கிறேன்.

பிறகு கண் மருத்துவரிடம் எல்லா அறிக்கையையும் எடுத்துப்போனோம். இடைநிலை நோய் இருப்பதால் மாத்திரையை ஒரேயடியாக விடுவதும் சரியில்லை என்றார். 2013இல் முடிவு வந்த இரண்டாவது ஏரெட்ஸ் ஆய்வில் 4,203 பேர் இருந்தார்கள். அதில் ஒரு பிரிவுக்குத் துத்தநாகத்தை 80இலிருந்து 25ஆகக் குறைத்துப் பார்த்தார்கள். குறிப்பிடத்தக்க வித்தியாசம் தெரியவில்லை. அதிகாரபூர்வமான கலவையில் இன்னும் 80தான் இருக்கிறது. அப்பாவின் ரத்த வரலாற்றைப் பார்த்து 25 மில்லிகிராம் துத்தநாகமும் 2 மில்லிகிராம் செம்பும் உள்ளதை அவர் தேர்ந்தெடுத்தார். இது அப்பாவுக்கென்று எடுத்த முடிவு. எல்லாரும் குறைத்துக்கொள்ளலாம் என்று இதற்குப் பொருள் இல்லை.

அந்தச் சந்திப்பில் அவர் இன்னொன்றும் கேட்டார்: புகைத்தது உண்டா? அப்பா இளமையில் நிறையப் புகைத்தவர், விட்டுப் பல காலம் ஆகிறது. அப்படியானால் பீட்டா கரோட்டின் உள்ள பழைய கலவையைத் தொடவே கூடாது. புகைப்பவர்களுக்கும் புகைத்து விட்டவர்களுக்கும் அது நுரையீரல் புற்றுநோய் வாய்ப்பைக் கூட்டுகிறது. இரண்டாவது ஆய்வில் அதற்குப் பதிலாக லூட்டீன், சீயாசாந்தின் என்ற இரண்டு தாவர நிறமிகளை வைத்தார்கள்: லூட்டீன் 10 மில்லிகிராம், சீயாசாந்தின் 2 மில்லிகிராம். 2022இல் வந்த பத்தாண்டுத் தொடர் முடிவிலும் அந்த மாற்றமே பாதுகாப்பானது என்று உறுதியானது. ஆனாலும் பழைய கலவை இன்னும் விற்கப்படுகிறது. டப்பாவின் முன்பக்கத்தில் கண் படம் போட்டிருப்பதை நம்பாமல் பின்பக்கத்தைப் படியுங்கள்.

புகையில் உலோகமும் உண்டு. புகையிலைச் செடி மண்ணிலிருக்கும் காட்மியத்தை இலையில் சேர்த்துவைக்கும். புகைத்தால் அது நுரையீரல் வழியாக ரத்தத்துக்குப் போய், உடம்பில் பத்து இருபது வருடம் தங்கும். நிறமி அடுக்கிலும் அது சேர்கிறது. துத்தநாகம் உட்காரவேண்டிய இடத்தில் காட்மியம் போய் உட்கார்ந்துகொண்டால் நொதிகள் சரியாக இயங்காது. புகைப்பழக்கம் மாகுலா சிதைவின் அபாயத்தை இரண்டு முதல் நான்கு மடங்கு கூட்டுவதற்குப் பல காரணங்கள் உண்டு, இதுவும் அவற்றோடு சேர்த்துச் சொல்லப்படுகிறது. நம் கையில் இருக்கும் அபாயங்களில் மிகப் பெரியது இதுதான். இதை விட்டுவிட்டு மாத்திரையைப் பற்றி மட்டும் பேசுவது எனக்குச் சரியாகப் படவில்லை.

லேபிள் படிப்பது பற்றி நான் இப்போது எல்லாரிடமும் சொல்வது இது. உப்பின் எடை வேறு, உலோகத்தின் எடை வேறு. துத்தநாக ஆக்சைடு 100 மில்லிகிராம் என்றால் அதில் துத்தநாகம் 80. துத்தநாக குளுக்கோனேட் 70 என்றால் அதில் துத்தநாகம் 10தான். சில லேபிள்களில் உப்பின் எடையும், சிலவற்றில் தனிமத்தின் எடையும் இருக்கும். புரியவில்லையென்றால் மருந்தாளுநரிடம் "இதில் தனிமத் துத்தநாகம் எவ்வளவு?" என்று அப்படியே கேளுங்கள். அடுத்து, மல்ட்டிவிட்டமின், சளி மாத்திரை, எதிர்ப்புச் சக்தி மாத்திரை எல்லாவற்றையும் சேர்த்துக் கூட்டுங்கள். எங்கள் வீட்டில் ஒரே தாளில் எழுதி வைத்திருக்கிறோம்: மாத்திரையின் பெயர், துத்தநாகம், செம்பு, இரும்பு, எழுதித்தந்த மருத்துவர். எந்த மருத்துவரிடம் போனாலும் அந்தத் தாள்தான் முதலில் மேசைக்கு வரும்.

துத்தநாகத்தை வெறும் வயிற்றில் சாப்பிட்டால் குமட்டும், சாப்பாட்டோடு சாப்பிடுவது நல்லது. டெட்ராசைக்ளின், குயினோலோன் வகை ஆன்டிபயாட்டிக் தரும்போது இரண்டுக்கும் நடுவே சில மணி நேர இடைவெளி வேண்டும், இல்லையென்றால் ஆன்டிபயாட்டிக் உடம்பில் சரியாகச் சேராது. சிறுநீர்த் தொல்லை இருப்பவர்கள் இதையும் மருத்துவரிடம் சொல்ல வேண்டும். முதல் ஏரெட்ஸ் ஆய்வில் சிறுநீர், பிறப்புறுப்புக் கோளாறுகளுக்காக மருத்துவமனையில் சேர்ந்தவர்கள் துத்தநாகம் எடுத்தவர்களில் 7.5 சதவீதம், எடுக்காதவர்களில் 4.9 சதவீதம்.

இந்த அலைச்சலின் நடுவே, முடியை வெட்டி அனுப்பினால் உடம்பிலிருக்கும் உலோகங்களைச் சொல்கிறோம், கூடுதலானதை மருந்தால் இழுத்து வெளியேற்றுகிறோம் என்று சொல்லும் இடங்களைப் பற்றியும் உறவினர்கள் சொன்னார்கள். அக்கறையில் சொன்னதுதான். ஆனால் முடியிலோ ரத்தத்திலோ இருக்கும் அளவு கண்ணுக்குள் இருக்கும் அளவைக் காட்டாது. உலோகத்தை வெளியேற்றும் மருந்து மாகுலா சிதைவுக்கு நிரூபிக்கப்பட்ட சிகிச்சையும் இல்லை. அதிலும் ஒரு விஷயம் தெரிந்தபோது நான் உறுதியாக மறுத்துவிட்டேன். அடிக்கடி ரத்தம் ஏற்றுவதால் இரும்பு தேங்கியவர்களுக்குத் தரும் டெஃபெராக்சமின் என்ற மருந்தே சிலருக்கு விழித்திரையைக் கெடுக்கும். அதனால் அதை எடுப்பவர்களுக்குக் கண் பரிசோதனை தொடர்ந்து செய்கிறார்கள். இரும்பை எடுக்கிறேன் என்று போய்க் கண்ணைக் கெடுத்துக்கொள்ள வேண்டியதில்லை.

இவ்வளவு பார்த்துப் பார்த்துச் செய்தும் அப்பாவின் வலது கண்ணில் நோய் ஈர வகையாக மாறியது. மாத்திரை வாய்ப்பைக் குறைக்கும், தடுத்து நிறுத்திவிடாது. அதைச் சீக்கிரம் பிடித்துக் கொடுத்தது ஒரு தாள்தான். சுவிஸ் கண் மருத்துவர் மார்க் ஆம்ஸ்லர் உருவாக்கிய கட்டம்: நடுவில் ஒரு புள்ளி, சுற்றிலும் சதுரக் கோடுகள். படிக்கும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, சுமார் 30 சென்டிமீட்டர் தள்ளி வைத்து, ஒரு கண்ணை மூடி மற்றக் கண்ணால் புள்ளியை மட்டும் பார்க்க வேண்டும். பிறகு கண்ணை மாற்ற வேண்டும். இரண்டு கண்ணையும் திறந்து பார்த்தால் நல்ல கண் கெட்ட கண்ணின் குறையை மறைத்துவிடும். ஒருநாள் காலையில் "இந்தப் பக்கம் கோடு நெளியுதும்மா" என்றார் அப்பா. அன்றே கிளம்பினோம். ஸ்கேனில் விழித்திரைக்கு அடியில் நீர் தெரிந்தது.

அந்த அவசரத்துக்கும் உலோகத்துக்கும் தொடர்பு உண்டு. விழித்திரைக்கு அடியில் ரத்தம் கசிந்து தேங்கினால் சிவப்பணுக்கள் சிதைந்து அதிலிருக்கும் இரும்பு அங்கேயே வெளிப்படும். ஒளியுணரும் செல்களுக்கு அது விஷம். கசிவை நிறுத்த எவ்வளவு சீக்கிரம் சிகிச்சை தொடங்குகிறதோ அவ்வளவுக்குப் பார்வை மிஞ்சும். ரத்தக் குழாய் முளைப்பதைத் தூண்டும் விஇஜிஎஃப் என்ற புரதத்தை அடக்கும் மருந்தைக் கண்ணுக்குள் ஊசியாகப் போடுகிறார்கள். ரானிபிஜுமாப் 2006இல் இந்த நோய்க்கு அமெரிக்காவில் அனுமதி பெற்றது. அதன் பிறகு அஃப்ளிபர்செப்ட் போன்றவை வந்தன. கண்ணில் ஊசி என்றதும் அப்பா மிரண்டார். மரப்பு மருந்து விட்டுத்தான் போடுகிறார்கள், லேசான அழுத்தம் மட்டும் தெரிந்தது என்று முதல் ஊசிக்குப் பிறகு அவரே மற்றவர்களுக்குத் தைரியம் சொல்ல ஆரம்பித்தார். ஊசி போட்ட பிறகு வலி கூடினாலோ, கண் சிவந்து பார்வை மங்கினாலோ அடுத்த நாள்வரை காத்திருக்கக் கூடாது. தொற்றாக இருக்கலாம்.

பெற்றோருக்கு இந்த நோய் இருந்தால் பிள்ளைகளுக்கும் வாய்ப்பு கூடுதல். அதனால் நானும் தம்பியும் கண்பாவையை விரியவைத்து விழித்திரைப் பரிசோதனை செய்துகொண்டோம். இப்போதைக்கு ட்ரூசன் எதுவும் இல்லை. "அப்பாவோட மாத்திரையை நாமளும் இப்பவே ஆரம்பிச்சிடலாமாக்கா?" என்று தம்பி கேட்டான். வேண்டாம் என்றேன். நோய் இல்லாதவர்களுக்கும் ஆரம்ப நிலையில் இருப்பவர்களுக்கும் அது பலன் தந்ததாக ஆய்வில் இல்லை, செம்பு குறையும் ஆபத்து மட்டும் எல்லாருக்கும் உண்டு. கீரையும் மீனும் சாப்பாட்டில் கூடியிருக்கின்றன. தம்பி சிகரெட்டை விடுவதற்கு மருத்துவரின் உதவியை நாடியிருக்கிறான். அது அவனுக்கு எந்த மாத்திரையையும்விடப் பெரிய பாதுகாப்பு என்று நான் நம்புகிறேன்.

அப்பாவுக்கு இப்போது ஊசிகளுக்கு இடையிலான இடைவெளி நீண்டிருக்கிறது. இடது கண் இன்னும் இடைநிலையில்தான் நிற்கிறது. கண் மாத்திரை தொடர்கிறது, குறிப்பிட்ட இடைவெளியில் ரத்த எண்ணிக்கையும் செம்பும் பார்க்கிறோம். போன முறை வேறொரு தொல்லைக்காகப் போன இடத்தில் மருத்துவர் ஒரு மல்ட்டிவிட்டமின் எழுதப் போனார். அப்பா சட்டைப்பையிலிருந்து தாளை எடுத்து நீட்டி, "இதுல ஜிங்க் எவ்வளவு இருக்குன்னு பார்த்துச் சொல்லுங்க டாக்டர்" என்றார். பதினைந்து மில்லிகிராம் இருந்தது. கண் மாத்திரையோடு சேர்த்தால் உச்ச அளவைத் தொட்டுவிடும் என்று அவரே கூட்டிப் பார்த்துவிட்டு அதை எழுதாமல் விட்டார்.